புதிய மத இயக்கங்களை ஆராய்கிறவர் யாரை நம்புவது: உள்ளே இருப்பவரையா, வெளியேறியவரையா?

#1 நடுப்பக்கம்

எல்லோருக்கும் வணக்கம். ஆய்வேட்டுக்காகப் புதிய மத இயக்கங்கள் பற்றிய சமூகவியல் எழுத்துகளை மூன்று மாதமாக வாசித்துக்கொண்டிருக்கிறேன். வாசிக்க வாசிக்கத் தெளிவு வரும் என்று நினைத்தேன். வந்தது தலைவலிதான்.

ஒரே இயக்கத்தைப் பற்றி இரண்டு நூல்களை எடுத்தால், எழுதியவர்கள் ஒரே இடத்துக்குத்தான் போனார்களா என்றே சந்தேகம் வருகிறது. உள்ளே இருப்பவர்களிடம் பேசி எழுதிய நூலில் எல்லோரும் யோசித்து முடிவெடுத்தவர்கள், ஓரளவு நிம்மதியாக இருக்கிறவர்கள். வெளியேறியவர்களிடம் பேசி எழுதிய நூலில் ஏமாற்று, மிரட்டல், தொலைந்துபோன வருடங்கள். இரண்டு பேராசிரியர்களும் நேர்மையானவர்கள் என்றே வைத்துக்கொள்வோம். அப்புறம் எப்படி இந்த வித்தியாசம்?

என் கேள்வி இரண்டு. 'கல்ட்' (ஆளை மயக்கிப் பிடித்து வைக்கிற ஆபத்தான மதக் குழு என்ற பொருளில் பத்திரிகைகள் போடுகிற சொல்) என்ற சொல்லை இந்தத் துறையில் ஏன் தொடவே மாட்டேன் என்கிறார்கள்? பூசி மெழுகுகிற வேலையா? அடுத்தது, கடைசியில் ஓர் ஆய்வாளர் யாருடைய பேச்சை வைத்து எழுதுவது?

#2 அரைக்கண்ணாடி

//பூசி மெழுகுகிற வேலையா?//

ஆமாம். வேறென்ன?

1995 மார்ச் 20. டோக்கியோ சுரங்க ரயிலில் ஐந்து வண்டிகளில் சாரின் நச்சுவாயு. செய்தது ஓம் ஷின்ரிக்கியோ என்ற ஜப்பானிய மதக் குழு. சில வாரங்கள் கழித்து அமெரிக்காவிலிருந்து ஆய்வாளர்கள் சிலர் ஜப்பானுக்குப் போனார்கள். எதற்கு? இந்தக் குழுவின் மத உரிமை மீறப்படுகிறதா என்று பார்க்க. பயணச் செலவு யாருடையது? அந்தக் குழுவுடையதேதான். போனவர்கள் பத்திரிகையாளர்களைக் கூட்டி, இவர்களால் சாரின் தயாரித்திருக்க முடியாது என்கிற தொனியில் பேசிவிட்டு வந்தார்கள்.

அதற்குச் சற்று முன்னால் நடந்தது இன்னும் மோசம். ஓம் வளாகத்தில் 'சத்தியம்' என்று பெயரிட்டு எண் போட்ட கட்டடங்கள் இருந்தன (ஆமாம், நம் சத்தியம்தான்). ஏழாம் எண் கட்டடத்தை ஜப்பானிய மத அறிஞர் ஒருவருக்குச் சுற்றிக் காட்டினார்கள். உள்ளே பெரிய தெய்வ உருவம், வழிபாட்டு ஏற்பாடு. இது கோயில்தான் என்று அவர் எழுதினார். அந்த உருவத்துக்குப் பின்னால்தான் சாரின் ஆலை. பிறகு அவருடைய பல்கலைக்கழக வேலை போனது.

'கல்ட்' என்று சொல்லக் கூசுகிறவர்களுக்கு இதுதான் நடக்கும்.

#3 தாழ்வாரம்

அரைக்கண்ணாடி சொன்ன இரண்டும் நடந்தவை. இந்தத் துறையில் இருக்கிறவர்கள் இன்றைக்கும் நெளிந்துகொண்டே பேசுகிற சம்பவங்கள். ஆனால் அந்தச் சொல்லைத் தவிர்த்ததற்கும் அந்தத் தவறுக்கும் அவர் போட்ட முடிச்சு சரியில்லை. அந்த அறிஞர் ஏமாந்தது, காட்டிய இடத்தை மட்டும் பார்த்துவிட்டுத் திரும்பியதால். 'கல்ட்' என்று நூறு முறை உச்சரித்துவிட்டு அதே அறையில் நின்றிருந்தாலும் அவர் கண்ணில் பட்டது அதே உருவம்தான்.

சொல்லுக்கு வருகிறேன். முதலில் அது வழிபாட்டைக் குறித்த சாதாரணச் சொல். 1978இல் ஜோன்ஸ்டவுனில் ஒரு மதக் குழுவே கூட்டமாகச் செத்ததற்குப் பிறகு செய்தித்தாள்களில் வசைச்சொல்லாக ஆகிவிட்டது. 'கல்ட்' என்று ஒருமுறை போட்டுவிட்டால் அப்புறம் கேள்வி கேட்கவே வேண்டியதில்லை, விடை கையில் இருக்கிறது. அதனால் ஆய்வாளர்கள் வேறு சொல் தேடினார்கள். 'புதிய மதம்' என்பது ஜப்பானில் 'ஷின்ஷூக்யோ' என்று ஏற்கெனவே புழங்கிய சொல். அதிலும் ஓட்டை உண்டு. தென்ரிக்யோ தொடங்கியது 1838இல். அதையும் இன்னும் 'புதிய' என்ற பட்டியலில்தான் வைத்திருக்கிறார்கள். எத்தனை வருடம் ஆனால் பழையதாகும் என்று கேட்டால் யாரும் வாய் திறப்பதில்லை.

அடுத்தது 'மூளைச் சலவை'. நம் சொல்லும் ஆங்கிலச் சொல்லும் போய்ச் சேருகிற இடம் ஒரு சீனச் சொல். எட்வர்ட் ஹன்டர் என்ற பத்திரிகையாளர் 1950இல் அதை அமெரிக்க வாசகர்களிடம் கொண்டுவந்தார். கொரியப் போரில் சிறைப்பட்ட அமெரிக்க வீரர்களை ஒட்டி அந்தச் சொல்லுக்குப் பெரிய பயம் சேர்ந்தது. ஆயிரக்கணக்கானோர் சிறையில் இருந்தார்கள். போர் முடிந்து ஊர் திரும்ப மறுத்தவர்கள் 21 பேர். சிறைக்கம்பிக்குள்ளேயே இவ்வளவுதான் நடந்தது என்றால், கதவு திறந்திருக்கிற ஒரு பயிற்சி முகாமில் மட்டும் எப்படி எல்லோரும் மயங்கிவிடுவார்கள்?

இதைத்தான் ஐலீன் பார்க்கர் எண்ணிப் பார்த்தார். லண்டனில் பணியாற்றிய சமூகவியலாளர். கொரியாவில் சன் மியுங் மூன் தொடங்கிய யூனிஃபிகேஷன் சர்ச் நடத்திய தங்கல் முகாம்களுக்கு 1979இல் லண்டன் பகுதியில் வந்த ஆயிரம் பேருக்கு மேல் கணக்கெடுத்தார். பத்தில் ஒன்பது பேர் சேரவே இல்லை. சேர்ந்தவர்களிலும் பாதிக்கு மேல் இரண்டே வருடத்தில் போய்விட்டார்கள். 1984இல் நூலாக வந்தது. அவர் செய்ததில் எனக்குப் பிடித்த காரியம் ஒன்று. உறுப்பினர் பட்டியல் முழுவதையும் கேட்டு வாங்கி, யாரைப் பேட்டி காண்பது என்பதைத் தானே குலுக்கல் முறையில் தேர்ந்தெடுத்தார். இயக்கம் நீட்டிய ஆட்களோடு நிறுத்திக்கொள்ளவில்லை. ஓம் வளாகத்துக்குப் போனவர் செய்யாதது இதுதான்.

நீதிமன்றத்துக்கும் இது போனது. மூளைச் சலவைக் கோட்பாட்டை ஒட்டி எழுதப்பட்ட ஓர் அறிக்கையை அமெரிக்க உளவியல் சங்கத்தின் குழு 1987இல் ஏற்க மறுத்தது. 1990இல் கலிஃபோர்னியாவில் ஃபிஷ்மன் வழக்கில், அந்தக் கோட்பாட்டை வைத்துச் சாட்சி சொல்ல வந்த நிபுணர்களை நீதிபதி அனுமதிக்கவில்லை. துறையின் பெரும்பகுதி அதோடு கதவைச் சாத்திவிட்டது.

#4 கொசுறு

பத்தில் ஒன்பது பேர் ஓடிவிட்டார்கள் என்றால், அது மூளைச் சலவை இல்லை. சலவையில் சாயம் பிடிக்காத துணி.

#5 அரைக்கண்ணாடி

தாழ்வாரம், நீங்கள் பட்டியல் விஷயம் சொன்னது நியாயம். ஒப்புக்கொள்கிறேன்.

ஆனால் அந்த எண்ணிக்கையை வைத்து எல்லோரும் செய்கிற ஜாலம் எனக்குப் புரிந்துவிட்டது. சேராத தொண்ணூறு பேரைக் காட்டுகிறீர்கள். என் கவலை சேர்ந்த பத்துப் பேர். வாசலில் எத்தனை பேர் திரும்பிப் போனார்கள் என்பது ஆட்சேர்ப்பைப் பற்றிய கணக்கு. உள்ளே ஐந்து வருடம் இருந்தவன் ஏன் வெளியே வர முடியாமல் தவித்தான் என்பதற்கு அது பதில் இல்லை. பெஞ்சமின் ஸப்லாக்கி என்கிற சமூகவியலாளர் இதைத்தான் கத்திக்கொண்டிருந்தார். உள்ளே வருவதைப் பார்க்காதே, வெளியேறுவதற்கு ஆகிற விலையைப் பார் என்றார். சொத்தைக் கொடுத்தாயிற்று, பழைய நண்பர்கள் இல்லை, குடும்பம் முழுக்க உள்ளே, வெளியே போனால் அழிவு என்று நம்பவும் பழகியாயிற்று. கதவு திறந்துதான் கிடக்கும். காலை எடுத்து வைக்கத்தான் முடியாது.

அவரைத் துறையில் எத்தனை பேர் காது கொடுத்துக் கேட்டார்கள்?

#6 ஒற்றை ஓலை

கேட்டார்கள், ஆனால் சண்டையாகத்தான். 2001இல் இரண்டு தரப்பும் ஒரே தொகுப்பில் எழுதிய நூலை அவரும் தாமஸ் ராபின்ஸும் கொண்டுவந்தார்கள். அதை வாசித்தால் ஒரே மேசையில் உட்கார்ந்து ஒருவர் முகத்தை ஒருவர் பார்க்காமல் சாப்பிடுகிற உறவுக்காரர்கள் ஞாபகம் வரும்.

எதிர்த்தரப்பு செய்த பாவமும் சின்னதில்லை. 1970களில் அமெரிக்காவில், பிள்ளைகளை மீட்கிறோம் என்று பெற்றோர் ஆள் வைத்துக் கடத்தினார்கள். வயது வந்தவர்களைத் தெருவில் பிடித்து வண்டியில் ஏற்றி, அறையில் பூட்டி, நாள் கணக்கில் நம்பிக்கையை விடு, விடு என்று பேசினார்கள். இதற்கு நியாயமாகக் காட்டிய கோட்பாடு மூளைச் சலவைதான். சுயபுத்தி போய்விட்டவனிடம் சம்மதம் எதற்கு என்பது வாதம். இதைக் கண்ணெதிரே பார்த்த தலைமுறை ஆய்வாளர்கள் அந்தச் சொல்லிலிருந்து விலகி ஓடியதில் வியப்பில்லை. ஓடின வேகத்தில் எதைக் கீழே போட்டுவிட்டார்கள் என்பது வேறு கதை.

#7 பின்கதவு

வழக்கமாக இங்கே வாசிப்பதோடு சரி. இன்று எழுதுகிறேன்.

சேர்ந்தது ஏன், வெளியேற முடியாதது ஏன் என்று பேசுகிறீர்கள். இரண்டிலும் எனக்கு இடம் இல்லை. நான் சேரவில்லை. அங்கே பிறந்தேன். எந்தக் குழு என்று சொல்லப்போவதில்லை. சின்னது, உங்களில் யாரும் கேள்விப்பட்டிருக்க மாட்டீர்கள்.

எனக்கு ஒன்பது வயதில் ஓர் ஆராய்ச்சியாளர் வந்தார். அவர் வருவது எங்களுக்கு இரண்டு வாரம் முன்பே தெரியும். படிப்பறை என்று ஒன்று அதுவரை கிடையாது. பெரியவர்களின் கூட்ட அறையில் மேசைகளைப் போட்டு, எங்கிருந்தோ உலக வரைபடம் ஒன்றைக் கொண்டுவந்து மாட்டினார்கள். யார் எந்தப் பாடம் சொல்ல வேண்டும் என்று ஒத்திகை நடந்தது. 'அம்மா அப்பாவைப் பிரிந்து இருப்பது கஷ்டமாக இல்லையா?' என்று கேட்டால் 'எனக்கு இங்கே நிறைய அம்மாக்கள்' என்று சொல்ல வேண்டும். நான் நன்றாகச் சொல்வேன் என்பதால் என்னை முன்வரிசையில் உட்கார வைத்தார்கள்.

அவர் கெட்டவர் இல்லை. என் கையெழுத்தை மெச்சினார். கேட்ட கேள்வி அதேதான், வார்த்தை மாறாமல். நான் சொன்ன பதிலை எழுதிக்கொண்டார். எழுதும்போது சிரித்தார். வரைபடத்தில் எங்கள் நாடு எங்கே என்று கேட்டிருந்தால் எனக்குத் தெரிந்திருக்காது. கேட்கவில்லை.

அவருடைய நூலில் அந்த வரி எங்கேயாவது இருக்கும். உள்ளே இருப்பவரின் குரல் என்று.

#8 கொசுறு

என் #4ஐத் திரும்பப் பெற்றுக்கொள்கிறேன், அக்கா. வேடிக்கை பண்ணியிருக்கக் கூடாது.

#9 பின்கதவு

அதெல்லாம் வேண்டாம் தம்பி. நல்ல நகைச்சுவைதான். நானும் சிரித்தேன்.

#10 தாழ்வாரம்

பின்கதவு, எழுதியதற்கு நன்றி. இதற்கு விளக்கம் சொல்ல நான் வரவில்லை. ஆனால் நீங்கள் சொன்ன ஒத்திகை விஷயத்தைத் துறைக்குள்ளேயே ஒருவர் முன்பு கண்டுபிடித்தார் என்பதை நடுப்பக்கத்துக்காகச் சொல்ல வேண்டும்.

1975இல் ராபர்ட் பால்ச், டேவிட் டெய்லர் என்ற இருவர், வேற்றுக்கிரக வாகனத்துக்காகக் காத்திருந்த ஒரு குழுவில் உறுப்பினர்களைப் போலவே சேர்ந்து இரண்டு மாதம் அலைந்தார்கள். 1997 மார்ச்சில் 39 பேர் ஒன்றாகத் தற்கொலை செய்துகொண்ட 'ஹெவன்ஸ் கேட்'தான் அது. 1975இல் யாருக்கும் அந்த முடிவு தெரியாது. உள்ளே அவர்கள் கண்டது இதுதான். வெளியாள் யாராவது வந்தால் எல்லோரும் ஒரே உறுதியோடு, ஒரே வாசகத்தில் பேசுவார்கள். வெளியாள் போனதும் சந்தேகம் தலை தூக்கும், ஒருவர் இரவோடு இரவாகக் கிளம்பிப் போயிருப்பார். சேர்ந்த அன்றே யாரும் மனம் மாறிவிடுவதில்லை, மாறியவரைப் போல நடந்துகொள்ளத்தான் முதலில் கற்றுக்கொள்கிறார்கள் என்று பால்ச் பின்னர் எழுதினார். கையில் நோட்டுடன் போய் உட்கார்ந்திருந்தால் அவருக்கு அந்த ஒரே வாசகம்தான் கிடைத்திருக்கும்.

ஆக, உள்ளே இருப்பவர் பொய் சொல்கிறார் என்பதில்லை பிரச்சினை. யார் முன்னால் பேசுகிறார் என்பதுதான்.

பிள்ளைகள் விஷயத்தில் துறை தாமதம்தான், அதை மறைக்க முடியாது. மதம் மாறுவது ஏன் என்ற ஒரே கேள்வியைச் சுற்றி இருபது வருடம் ஓட்டிவிட்டார்கள். அதற்குள் மதம் மாறியவர்களுக்குப் பிள்ளைகள் பிறந்து, வளர்ந்து, பள்ளி முடித்துவிட்டார்கள். பர்க் ராச்ஃபோர்ட் என்பவர் ஹரே கிருஷ்ணா இயக்கத்தை நீண்டகாலம் கூடவே இருந்து ஆராய்ந்தவர், 1985இல் நூல் எழுதியவர். அந்த இயக்கத்தின் உறைவிடப் பள்ளிகளில் 1970களிலும் 80களிலும் குழந்தைகளுக்கு நடந்த கொடுமைகளைப் பற்றி அவர் இணைந்து எழுதிய கட்டுரை 1998இல் வந்தது. எங்கே வந்தது தெரியுமா? அந்த இயக்கம் நடத்திய இதழிலேயே. ஒருவர் அவ்வளவு வருடம் பழகியிருக்காவிட்டால் அந்த வாசல் திறந்திருக்காது. அவ்வளவு வருடம் பழகியும் அது எழுதப்பட 1998 ஆகியிருக்கிறது. இரண்டையும் சேர்த்தே பார்க்கிறேன், எந்தப் பக்கம் கோபப்படுவது என்று தெரியவில்லை.

#11 மட்டுறுத்துநர்

இப்போது இயங்கும் ஒரு குழுவின் பெயரைப் போட்டு, கேள்விப்பட்ட குற்றச்சாட்டு ஒன்றை எழுதிய பதிவு நீக்கப்பட்டது. எழுதியவருக்குத் தனிமடல் அனுப்பியிருக்கிறேன். பின்கதவு எந்தக் குழு என்று ஊகித்து விளையாடுவதும் வேண்டாம்.

#12 ஒற்றை ஓலை

பால்ச் பேச்சு வந்ததால், மாறுவேடத்தில் உள்ளே போவதன் இன்னொரு பக்கத்தையும் சொல்லிவிடுகிறேன். இந்தத் துறையிலேயே எனக்கு மிகவும் பிடித்த காட்சி இது.

1954 டிசம்பர் 20 இரவு, சிகாகோ பக்கம் ஒரு வீடு. நள்ளிரவில் பறக்கும் தட்டு வந்து தங்களை ஏற்றிச் செல்லும், அடுத்த நாள் வெள்ளத்தில் உலகம் அழியும் என்று காத்திருக்கிறது ஒரு சின்னக் குழு. உடம்பில் உலோகம் எதுவும் இருக்கக் கூடாது என்பது மேலிருந்து வந்த கட்டளை. கொக்கி, பொத்தான் எல்லாம் பிய்த்தாயிற்று. அந்த அறையில் ஃபெஸ்டிங்கர் தலைமையிலான உளவியல் ஆய்வுக்குழுவும் பக்தர்கள் வேடத்தில் உட்கார்ந்திருக்கிறது. 11:35க்கு ஆய்வாளர்களில் ஒருவருடைய கால்சட்டை ஜிப் எடுபடவில்லை என்று தெரிந்தது. அறையே பதறியது. அவரை உள்ளே தள்ளிக்கொண்டு போய், குழுவைச் சேர்ந்த மருத்துவர் கை நடுங்க, கடிகாரத்தைப் பார்த்தபடி பிளேடால் ஜிப்பை அறுத்தெடுத்தார்.

வாசித்துச் சிரிக்கலாம். ஆனால் யோசித்துப் பாருங்கள். அந்தப் பதற்றத்தை உண்டாக்கியவர், உண்மையில், எதையும் உண்டாக்காமல் பார்த்துக்கொண்டு மட்டும் இருக்க வந்தவர். இன்னும் இருக்கிறது. உள்ளே நுழைவதற்காக இவர்கள் அனுப்பிய ஒரு பெண், வெள்ளத்தில் இருந்து ஒருவர் தன்னைத் தூக்கிக் காப்பாற்றுவது போலக் கனவு கண்டதாகக் கதை கட்டிச் சொன்னாள். குழுவுக்கு அது மேலுலகத்தின் சாட்சியாகத் தெரிந்து குதூகலம் ஆகிவிட்டது. பக்தியை அளக்கப் போனவர்கள் பக்திக்கு எண்ணெய் ஊற்றிவிட்டு வந்தார்கள். 1956இல் வந்த அந்த நூல்தான், தீர்க்கதரிசனம் பொய்த்தால் நம்பிக்கை குறையாது, கூடும் என்று உலகம் முழுக்கப் பாடம் ஆனது. ஃபெஸ்டிங்கரின் காப்பகத் தாள்களைப் பார்த்து 2025இல் எழுதப்பட்ட ஒரு கட்டுரை அந்தப் பாடத்தையே கேள்வி கேட்கிறது. ஆய்வாளர்கள் குழுவை எவ்வளவு ஆட்டி வைத்தார்கள் என்பதும் அதில் வருகிறது.

#13 அரைக்கண்ணாடி

சரி, ஒத்துக்கொள்கிறேன், இது நான் நினைத்ததைவிடச் சிக்கல். ஆனால் ஒன்று கேட்கிறேன். உள்ளே இருப்பவரிடம் கேட்டால் ஒத்திகை. ஒளிந்துபோய்ப் பார்த்தால் நாமே காட்சியாகிவிடுகிறோம். அப்புறம் உள்ளே இருப்பவர் பேச்சுக்கு என்னதான் மதிப்பு? பேசாமல் வெளியேறியவர்களை மட்டும் கேட்டு எழுதிவிட்டுப் போகலாமே?

#14 ஒற்றை ஓலை

வேகோ.

1993 பிப்ரவரி 28. அமெரிக்காவின் டெக்சஸில், வேகோ ஊர்ப்பக்கம், பிராஞ்ச் டேவிடியன்கள் என்ற கிறிஸ்தவக் குழு இருந்த வளாகத்தில் ஆயுதச் சோதனைக்குப் போன இடத்தில் துப்பாக்கிச் சூடு, அரசுத் தரப்பில் நான்கு பேரும் உள்ளே சிலரும் செத்தார்கள். அப்புறம் 51 நாள் முற்றுகை. குழுவின் தலைவன் டேவிட் கோரேஷ் தொலைபேசியில் மணிக்கணக்கில், விவிலியத்தின் கடைசிப் புத்தகமான வெளிப்படுத்தின விசேஷத்தில் வரும் ஏழு முத்திரைகளைப் பற்றிப் பேசினான். பேச்சுவார்த்தை நடத்திய தரப்புக்கு அது வெறும் வேத உளறலாகக் காதில் விழுந்தது. ஜேம்ஸ் டேபர், ஃபிலிப் ஆர்னால்ட் என்ற இரண்டு விவிலிய அறிஞர்களுக்கு மட்டும் அது மொழியாகக் கேட்டது. இவன் தன்னை வெளிப்படுத்தின விசேஷத்துக்குள் வைத்துப் பார்க்கிறான், தான் சாக வேண்டிய கட்டமா, காத்திருக்க வேண்டிய கட்டமா என்று அந்தப் பக்கங்களில் தேடிக்கொண்டிருக்கிறான் என்று புரிந்துகொண்டார்கள். வானொலியில் பேசினார்கள், உள்ளே கேட்கட்டும் என்று. இன்னும் காலம் இருக்கிறது என்று வசனத்தைக் காட்டியே வாதாடினார்கள். ஏப்ரல் 14 அன்று கோரேஷிடமிருந்து கடிதம் வந்தது: ஏழு முத்திரைகளுக்கும் விளக்கம் எழுதி முடித்ததும் வெளியே வருகிறேன்.

ஐந்தே நாள். ஏப்ரல் 19 காலையில் கண்ணீர்ப்புகையோடு வண்டிகள் சுவரை இடித்தன, பிற்பகலில் தீ. 76 பேர், குழந்தைகளும் அதில். உயிரோடு வெளியே வந்த ஒரு பெண்ணிடம் கணினி வட்டு ஒன்று இருந்தது. முதல் முத்திரைக்கான விளக்கம் அதில் முடிந்திருந்தது.

அவன் சொன்ன சொல்லைக் காப்பாற்றியிருப்பானா என்று யாராலும் சொல்ல முடியாது. நாளைக் கடத்தினான் என்று சொல்கிறவர்களும் உண்டு. ஆனால் எழுத உட்கார்ந்தது உண்மை. வெளியேறியவர்களின் பேச்சை மட்டும் கேட்டிருந்த அதிகாரிகளுக்கு அவன் ஒரு மோசடிக்காரன், அவ்வளவுதான். மோசடிக்காரன் வசனத்தை எடுத்தால் அது சாக்கு. நம்புகிறவன் எடுத்தால்? மூன்று வருடம் கழித்து மொண்டானாவில் அரசை ஏற்க மறுத்த ஃப்ரீமென் குழுவை முற்றுகையிட்டபோது, வேகோவை முற்றுகையிட்ட அதே எஃப்.பி.ஐ. (அமெரிக்க மத்தியப் புலனாய்வுத் துறை) மத ஆய்வாளர்களைக் கூப்பிட்டு ஆலோசனை கேட்டது. 81 நாள் ஆனது. ஒரு குண்டுகூடச் சுடாமல் முடிந்தது.

உள்ளே இருப்பவர் பேச்சின் மதிப்பு என்ன என்று கேட்டீர்களே.

#15 தாழ்வாரம்

ஒற்றை ஓலை சொன்னதோடு ஜோன்ஸ்டவுனையும் சேர்த்துக்கொள்ளுங்கள். 1978 நவம்பர் 18, கயானா. ஜிம் ஜோன்ஸ் என்ற தலைவனோடு அமெரிக்காவிலிருந்து அங்கே குடியேறிய மதக் குழு அது. அன்று, பெரும்பாலும் நஞ்சால், செத்தவர்கள் 900க்கும் மேல், மூன்றில் ஒரு பங்கு பிள்ளைகள். ஜொனாத்தன் ஸ்மித் என்ற மத வரலாற்றாளர் பின்னர் தன் சொந்தத் துறையைத்தான் திட்டினார். மதத்தைப் புரியவைக்கிறோம் என்று சம்பளம் வாங்குகிற நாம் இதைப் பைத்தியக்காரத்தனம் என்று ஒதுக்கிவிட்டு மௌனமாக இருந்தால் நம் வேலைதான் என்ன என்று கேட்டார்.

அந்தக் கடைசி நேரத்தின் ஒலிநாடா இருக்கிறது. எல்லோரும் பொம்மை போலத் தலையாட்டினார்கள் என்று நினைத்துக்கொண்டுதான் நான் கேட்க ஆரம்பித்தேன். கிறிஸ்டீன் மில்லர் என்ற பெண் எழுந்து வாதாடுகிறாள். வேறு நாட்டுக்குப் போக வழியில்லையா என்கிறாள், குழந்தைகள் வாழட்டும் என்கிறாள். ஜிம் ஜோன்ஸ் பதில் சொல்ல வேண்டியிருக்கிறது. அவளை அடக்குவது அவன் மட்டுமில்லை, கூட்டமும்தான். 'மூளைச் சலவை' என்று ஒரே வார்த்தையில் முடித்திருந்தால் அந்தக் குரல் இருப்பதே தெரியாமல் போயிருக்கும். 'சுயவிருப்பம்' என்று முடித்தாலும் அதே கதிதான்.

அங்கே இரண்டு சகோதரிகளைப் பறிகொடுத்த ரெபெக்கா மூர் மத ஆய்வுப் பேராசிரியர். ஜோன்ஸ்டவுன் ஆவணங்களைப் பல பத்தாண்டுகளாகத் தேடித் தொகுத்து எல்லோருக்கும் திறந்து வைத்தவர்களில் முக்கியமானவர். அவரை எந்த அணியில் சேர்ப்பது? உள்ளேயா, வெளியேயா?

பணம் பற்றி யாராவது கேட்பீர்கள் என்று எதிர்பார்த்தேன், கேட்கவில்லை. இயக்கங்கள் மாநாடு நடத்தும், அறிஞர்களுக்கு விமானச்சீட்டு அனுப்பும். பார்க்கரே அப்படிப்பட்ட மாநாடுகளுக்குப் போனதற்காகத் திட்டு வாங்கியவர். என் கருத்தில், போகாமல் இருந்திருக்கலாம். அவருடைய எண்ணிக்கை அதனால் பொய்யாகிவிடாது, ஆனால் அதைச் சந்தேகப்பட ஒருவருக்குக் காரணம் கொடுத்தாயிற்று.

#16 அரைக்கண்ணாடி

வேகோ கதை முழுதாக எனக்குத் தெரியாது. வாசிக்கிறேன்.

ஆனால் பின்கதவு எழுதியதை எந்த வேகோவாலும் அழிக்க முடியாது. ஜப்பானில் பாருங்கள். 2022 ஜூலையில் முன்னாள் பிரதமர் அபே சுடப்பட்டார். சுட்டவனுடைய தாய் யூனிஃபிகேஷன் சர்ச்சுக்குச் சுமார் பத்துக் கோடி யென் கொடுத்துக் குடும்பம் நொடித்துப்போனது. அதற்குப் பிறகுதான் 'மத இரண்டாம் தலைமுறை' என்ற சொல் அங்கே வீட்டுக்கு வீடு பேச்சானது. அந்த ஆண்டு டிசம்பரிலேயே நன்கொடை வசூலிப்பதற்குக் கட்டுப்பாடு போட்டுச் சட்டம். 2025 மார்ச்சில் அந்த அமைப்பைக் கலைக்கச் சொல்லி டோக்கியோ மாவட்ட நீதிமன்றம் உத்தரவிட்டது. பார்க்கர் எண்ணிய அதே இயக்கம். முகாமுக்கு வந்தவர்களை எண்ணினார். வீட்டில் இருந்த பிள்ளைகளை யார் எண்ணினார்கள்?

#17 தாழ்வாரம்

நியாயமான கேள்வி. அவர் கேட்டது, ஏன் சேர்கிறார்கள் என்று. அதற்கு அவர் விடை சரி. அந்த விடையைத் தூக்கிக்கொண்டு போய் வேறு கேள்விக்கு ஒட்டவைத்தது நாங்கள், பின்னால் வந்தவர்கள்.

#18 நடுப்பக்கம்

எல்லோருக்கும் நன்றி. யாரை நம்புவது என்று நான் கேட்டதே தப்பான இடத்தில் ஆரம்பித்த கேள்வி என்று தோன்றுகிறது. யார் முன்னால், எப்போது, எதைக் கேட்டதற்கு இந்தப் பதில் வந்தது என்று ஒவ்வொரு மேற்கோளுக்கும் பக்கத்தில் எழுதிவைக்க ஆரம்பித்திருக்கிறேன். என்னுடைய குறிப்புகளில் பாதிக்கு அது தெரியவே இல்லை.

அடுத்த மாதம் பேட்டிகள் தொடங்குகின்றன. உள்ளே இருப்பவர்கள் சிலர், வெளியேறியவர்கள் சிலர். வினாநிரலில் முதல் கேள்வி 'நீங்கள் ஏன் சேர்ந்தீர்கள்?' அதை அடித்துவிட்டேன். அந்த இடம் காலியாக இருக்கிறது. பின்கதவு, தொந்தரவு இல்லை என்றால், அன்றைக்கு அவர் உங்களிடம் என்ன கேட்டிருக்க வேண்டும்?

#19 பின்கதவு

இரண்டு நாள் யோசித்தேன்.

கஷ்டமா, சந்தோஷமா, சுதந்திரமா என்று கேட்டால் எங்களிடம் பதில் தயாராக இருந்தது. வெளியே வந்த பிறகும் அப்படித்தான். வெளியே வந்தவர்களுக்கும் ஓர் ஒத்திகை உண்டு. எந்தச் சம்பவத்தைச் சொன்னால் கேட்கிறவர் முகம் மாறும் என்று நாலைந்து முறை சொன்னபிறகு தெரிந்துவிடும். நானும் செய்திருக்கிறேன். #7இல் அவர் சிரித்தார் என்று எழுதினேனே, அவர் உண்மையில் சிரித்தாரா என்று இப்போது உறுதியாகச் சொல்ல முடியவில்லை.

ஒத்திகை இல்லாத கேள்வி ஒன்று உண்டு. போன செவ்வாய்க்கிழமை காலையில் எழுந்ததிலிருந்து தூங்கும்வரை என்ன செய்தாய்? இதைக் கேளுங்கள், இரண்டு தரப்பிடமும். 'ஏன்' என்று கேட்காதீர்கள். நடுவில் நிறுத்தவும் நிறுத்தாதீர்கள்.

#20 நடுப்பக்கம்

எழுதிக்கொண்டேன். உங்களிடமே கேட்கலாமா?

#21 பின்கதவு

ஒன்பது வயதில் ஒரு செவ்வாய்க்கிழமை. மணி அடிக்கும் முன்பே விழித்துவிடுவேன், ஏனென்றால் மணிக்குப் பிறகு எழுந்தவர் பெயரை எழுதுவார்கள். இருட்டில் பாயைச் சுருட்டுவோம். வரிசையில் நின்று முகம் கழுவுவோம், எனக்கு முன்னால் நிற்பவள் எப்போதும் தண்ணீரோடு விளையாடுவாள். பிரார்த்தனை. அது எனக்குப் பிடிக்கும், பாட்டு நன்றாக இருக்கும், இப்போதும் சில சமயம் முணுமுணுக்கிறேன். அப்புறம் பெரியவர்கள் வேலைக்குப் போவார்கள், நாங்கள் உறைகளில் துண்டுப்பிரசுரம் போடுவோம். ஒரு மணி நேரத்துக்கு இருநூறு. நான் வேகம், எனக்கு முந்நூறு வரும். மதியத்துக்கு மேல் தூக்கம் வரும், தூங்கினால் நிற்க வேண்டும். சாயங்காலம் அம்மா ஜன்னலுக்கு வெளியே நடந்து போவாள். திரும்பிப் பார்க்கக் கூடாது என்பது விதி, அவளுக்கும் எனக்கும். அவள் அந்த இடம் வந்ததும் இருமுவாள். நான் ஓர் உறையைக் கீழே போட்டு எடுப்பேன்.

இதை இதற்கு முன்னால் யாரிடமும் சொன்னதில்லை. யாரும் செவ்வாய்க்கிழமை பற்றிக் கேட்டதில்லை.